அடித்து வாங்கும் உண்மை

சென்ற திங்கள் நம் சங்கக் கூட்டம் முடிந்து அன்பர்கள் காப்பி அருந்திக்கொண்டு நின்றபோது, ஒருவர் தம் கைப்பேசிக்கு வந்திருந்த படமொன்றைக் காட்டினார். தமிழ்நாட்டில் ஏதோ ஓர் ஊரில் வழிப்பறி வழக்கில் பிடிபட்ட இளைஞர் இருவர். இருவருக்கும் வலக்கையில் மாவுக்கட்டு. "கழிவறையில் வழுக்கி விழுந்துவிட்டார்களாம்" என்றார் அன்பர். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நாமும் சிரித்தோம். ஒரே இரவில் ஒரே கழிவறையில் இருவர், ஒரே கை ஒடியும்படி வழுக்கி விழுவது எங்ஙனம் என்று எவரும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய தேவையும் இல்லை. விடை எல்லோரும் அறிந்ததே. அறிந்திருந்ததனால்தான் சிரிப்பு வந்தது.

முன்பதிவு விதிகளைப் பற்றி இம்மாதம் எழுதுவதாகச் சென்ற இதழில் கூறியிருந்தோம். அது காத்திருக்கட்டும். அன்றிரவு வீடு திரும்பும் வழியில் அச்சிரிப்பு நம்மை விடவில்லை. கோட்டைக் காவல் நிலையத்தைக் கடந்துதான் நாம் நம் வீட்டுக்குச் செல்ல வேண்டும்.

அந்நிலையத்தின் பெயரை இந்நகரத்தில் அறியாதார் இலர். 2005 செப்டம்பர் 27ஆம் நாள், உதயகுமார் என்னும் இளைஞர் ஸ்ரீகண்டேசுவரம் பூங்காவிலிருந்து பிடித்துச் செல்லப்பட்டார். அவரிடம் நாலாயிரத்துச் சொச்சம் ரூபாய் இருந்தது. ஏழையின் சட்டைப்பையில் நாலாயிரம் ரூபாய் இருப்பதே ஐயத்துக்குப் போதுமானதாயிற்று. அன்றிரவு அவர் பிணமாயினார். தொடைமீது இரும்புக்குழாயை வைத்து அழுத்தி உருட்டினார்கள் என்பது வழக்கு. மலையாளத்தில் இதற்கு 'உருட்டல்' என்றே பெயர். இடியாப்பக் குழலுக்கும் புட்டுக் குழலுக்கும் பெயர் இருப்பதுபோல் இதற்கும் ஒரு பெயர் இருக்கிறது. ஒரு செயலுக்கு வழக்கில் பெயர் நிலைபெற வேண்டுமாயின், அஃது ஒருமுறை நிகழ்ந்தாற் போதாது.

உதயகுமாரின் தாயார் பிரபாவதி அம்மாள் நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கியே முதுமை எய்தினார். வழக்கு மத்தியப் புலனாய்வுத் துறையின் கைக்குச் சென்றது. 2018 ஜூலையில் இந்நகரத்துச் சிறப்பு நீதிமன்றம் காவலர் இருவருக்கு மரண தண்டனை விதித்தது. 2025 ஆகஸ்டில் கேரள உயர்நீதிமன்றம், புலனாய்விலும் சாட்சியத்திலும் இருந்த குறைகளைக் காட்டி, குற்றஞ்சாட்டப்பட்டவர்களை விடுதலை செய்தது. உயர்நீதிமன்றத்தின் முடிவைக் குறை கூறுவது நம் நோக்கமன்று. சாட்சியம் போதாதெனில் எவரையும் தூக்கிலிடலாகாது என்பதில் நமக்கு ஐயமில்லை. ஆயினும் ஒன்று மிஞ்சுகிறது. ஒரு மனிதர் தம் காலால் நடந்து உள்ளே சென்றார். வெளியே சுமந்து வந்தார்கள். இருபது ஆண்டுகளுக்குப் பின்னும் அதைச் செய்தவர் இன்னார் என்று சட்டத்தால் நிலைநிறுத்த இயலவில்லை. நான்கு சுவருக்குள் நடக்கும் காரியத்துக்குச் சாட்சி சொல்ல வேண்டியவர்கள், அச்சுவருக்குள் சம்பளம் வாங்குகிறவர்களே அன்றோ?

இதற்கு இருபத்தொன்பது ஆண்டுகளுக்கு முன் நடந்ததை முதிய வாசகர்கள் மறந்திருக்கமாட்டார்கள். நெருக்கடி நிலைக் காலத்தில், 1976 மார்ச் 1ஆம் நாள் விடியலில், கோழிக்கோட்டு மண்டலப் பொறியியற் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீசார் பிடித்துக் கக்கயம் முகாமுக்குக் கொண்டுசென்றனர். அங்கும் உருட்டல்தான், இரும்புக்குழாய்க்குப் பதில் உலக்கை. அவர் திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை. தந்தை ஈச்சர வாரியர் இந்திப் பேராசிரியராக இருந்தவர். 1977இல் உயர்நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு இட்டார். அதன் விளைவாக, பதவியேற்று ஒரு மாதமே ஆகியிருந்த முதலமைச்சர் கே. கருணாகரன் பதவி விலக நேர்ந்தது. அரசு வீழ்ந்தது, மகன் வரவில்லை. தம் நினைவுகளை வாரியர் ஒரு நூலாக எழுதி வைத்துவிட்டு 2006இல் மறைந்தார்.

இவ்வளவும் பிறர் செய்தவை. இவற்றை எழுதிவிட்டு 'ஐயகோ' என்று கை கழுவிக்கொள்வது எளிது. ஆனால் நம் கணக்கில் ஒரு பற்று இருக்கிறது. அதை எழுதாமல் இப்பகுதியை முடிப்பது நேர்மையாகாது.

எட்டு ஆண்டுகளுக்கு முன், நம் இல்லத்தில் மூன்று பவுன் சங்கிலியொன்று காணாமற்போயிற்று. நம் துணைவிக்கு அவர் தாயார் இட்டது. பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தி இருப்புப்பாதையில் எழுத்தராகச் சேர்ந்த நமக்கு மூன்று பவுன் என்பது எத்தனை மாதச் சேமிப்பு என்பதை இப்பத்திரிகையின் வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. வீட்டுக்குள் வந்து போனவர்கள் என்று எண்ணிப் பார்த்ததில், மளிகைக் கடையிலிருந்து அரிசி மூட்டை தூக்கி வந்த பையன் ஒருவன் நினைவுக்கு வந்தான். வள்ளியூர்ப் பக்கத்தவன், பத்தொன்பது வயதிருக்கும். மூட்டையை அடுக்களையில் இறக்கிவிட்டுத் தண்ணீர் கேட்டுக் குடித்தான். சங்கிலி அடுத்த அறையில் இருந்தது. அவன்மீது நமக்கிருந்த சான்று இவ்வளவே. அவன் ஏழை என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

உடன் பணிபுரியும் நண்பர் ஒருவர் நம்மை ஒரு காவல் நிலையத்துக்கு அழைத்துச் சென்றார். அது எந்நிலையம் என்பது இங்கு வேண்டாம். அதிகாரி மரியாதையாகவே பேசினார். நாற்காலி இடச் சொன்னார். புகாரை எழுதி வாங்கிக்கொண்டு, "விரைவில் வேண்டுமா சார், முறைப்படி வேண்டுமா?" என்று கேட்டார். அக்கேள்வியின் பொருள் நமக்கு விளங்கிற்று. விளங்கவில்லை என்று இன்று சொல்லிக்கொண்டால் அது பொய். நாம் பதில் சொல்லவில்லை. நம் மௌனத்தை அவர் சம்மதமாகக் கொண்டார். அவர் கொண்டது பிழையன்று.

பையனைக் கொண்டுவந்தார்கள். நாம் வெளித்திண்ணையில் இருந்தோம். உள்ளே இருந்து முதலில் பேச்சுக்குரல் வந்தது. பிறகு வேறு ஒலி. நண்பர் நமக்குத் தேநீர் வாங்கி வந்தார். அதை நாம் குடித்தோம்; இதை எழுதும்போது கை கூசுகிறது, ஆயினும் குடித்தோம் என்பதுதான் உண்மை. அரைமணி நேரத்தில் ஒரு காவலர் வந்து, "ஒப்புக்கொண்டான்" என்றார். அவ்வேளையில் நம் உள்ளத்தில் எழுந்தது இரக்கமன்று, நிம்மதி.

சாலைத்தெருவில் ஒரு கடையில் விற்றதாகச் சொன்னான். அழைத்துச் சென்றார்கள். கடைக்காரர் அவனைக் கண்டதே இல்லை என்றார். திரும்பக் கொண்டுவந்தார்கள். இரண்டாம் முறை, வேறொரு கடை. அப்படியொரு கடையே அத்தெருவில் இல்லை. மூன்றாம் முறை, தன்னோடு தங்கியிருந்த ஒருவனிடம் கொடுத்ததாகச் சொன்னான். அவனையும் கொண்டுவந்தார்கள். அவனும் மாலைக்குள் ஒப்புக்கொண்டான். ஒரு சங்கிலிக்கு இருவர் குற்றவாளிகள் கிடைத்தார்கள். சங்கிலி மட்டும் கிடைக்கவில்லை. இரவு எட்டு மணிக்கு இருவரையும் அனுப்பிவிட்டார்கள். வழக்கு எதுவும் பதியவில்லை. பையன் சுவரைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினான்.

இத்தகைய கதைகளில், பின்னொருநாள் சங்கிலி அரிசிப் பானைக்குள்ளிருந்து கிடைக்கும். எல்லோரும் தலையில் அடித்துக்கொள்வார்கள். நம் கதையில் அது நேரவில்லை. இன்றுவரை சங்கிலி கிடைக்கவில்லை. எடுத்தவன் அவனா என்பதும் தெரியாது. அவனாகவே இருக்கலாம். அவ்வாறு இருப்பினும் நாம் செய்தது மாறிவிடுமா என்பதே எட்டு ஆண்டுகளாக நம்மைக் கேட்கும் கேள்வி. நம் துணைவி அன்றிரவு ஒன்று சொன்னார்: "அந்தச் சங்கிலி வந்திருந்தால் அதை நான் கழுத்தில் போட்டிருப்பேனே, அதை நினைத்தால்தான் பயமாக இருக்கிறது" என்று.

சித்திரவதையை எதிர்ப்பவர்கள் வழக்கமாகக் கூறும் காரணம், அதனால் உண்மை வெளிவராது என்பது. நம் பட்டறிவும் அதற்குச் சாட்சி. வலி தாங்காதவன், வலி நிற்பதற்கு எது தேவையோ அதைச் சொல்வான். இத்தாலியரான பெக்காரியா 1764இலேயே இதைத் தெளிவாக எழுதிவிட்டார்: உடல் வலிமை மிக்க குற்றவாளி தப்புவான், வலிமையற்ற நிரபராதி தண்டனை அடைவான், ஆக, அது நரம்பையும் தசையையும் சோதிக்கிறதேயன்றிக் குற்றத்தைச் சோதிக்கவில்லை என்பது அவர் வாதத்தின் சாரம். நம் நாட்டில் இதே சோதனையைத் தெய்வத்தின் பேரால் செய்தார்கள். அன்று திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்த சுசீந்திரம் கோயிலில், ஒழுக்கக் குற்றம் சாட்டப்பட்ட நம்பூதிரிமார் கொதிக்கும் நெய்யில் கையை விட வேண்டும். இதற்குக் 'கைமுக்கு' என்று பெயர். மெய்யன் கை வேகாது என்பது நம்பிக்கை. சுவாதித் திருநாள் மகாராஜா பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் அதை ஒழித்தார். நெய்யின் சூடு மெய் பொய் அறியாது என்பதை ஒரு மன்னர் உணர அத்தனை நூற்றாண்டுகள் ஆயின.

எனினும் இக்காரணத்தை மட்டும் நம்பி நிற்பது ஆபத்து. சிலவேளை அடியால் உண்மை வந்துவிடுகிறது, பொருளும் கிடைத்துவிடுகிறது. அதை மறுப்பது நேர்மையன்று. கிடைக்கிறது என்பதனால்தான் இப்பழக்கம் நிலைத்திருக்கிறது. சட்டத்திலும் இதற்கு ஓர் இடைவெளி உண்டு. காவலரிடம் அளிக்கும் ஒப்புதல் வாக்குமூலம் நீதிமன்றத்தில் செல்லாது என்பது 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் விதி. 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள புதிய சட்டத்திலும் அவ்விதி தொடர்கிறது. ஆனால் அவ்வாக்குமூலத்தைக் கொண்டு ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அப்பொருளைப் பற்றிய பகுதி மட்டும் செல்லும். இந்த விலக்கைத்தான் தடி தேடிச் செல்கிறது. வாய்ச்சொல் பயன்படாது, தோண்டி எடுத்த கத்தியும் மீட்ட நகையும் பயன்படும். ஆகவே அடி.

இச்சட்டங்கள் பிறந்த கதையும் தமிழரைப் பற்றியதே. சென்னை மாகாணத்தில் வரி வசூலுக்காகக் குடியானவர்களை வதைக்கிறார்கள் என்று, 1852இல் சென்னைச் சுதேசிகள் சங்கத்தை நிறுவிய கஜுலு லட்சுமிநரசு செட்டியார் முதலானோர் விடாமல் முறையிட்டனர். செய்தி இலண்டன் பாராளுமன்றம் வரை சென்றது. விசாரணைக்குழு ஒன்று அமைந்து 1855இல் அறிக்கை தந்தது. ஏறத்தாழ இரண்டாயிரம் முறையீடுகள் குவிந்தன. ஊர் ஊராய்ப் பல நாள் நடந்து வந்து சொன்னவர்கள் பலர். விரல்களை இரு கட்டைகளுக்கிடையே வைத்து நெருக்கும் 'கிட்டி'யையும், ஆளைக் குனிய வைத்துக் கயிற்றால் பிணைத்து வெயிலில் நிறுத்துவதையும் அவ்வறிக்கை விவரிக்கிறது. கிட்டி என்ற சொல் தமிழ்ச்சொல்லாகவே ஆங்கில அறிக்கையில் அச்சேறியது. நம் மொழியிலிருந்து அந்நாளில் ஆங்கிலத்துக்குச் சென்ற சொற்களில் இதுவும் ஒன்று என்று எண்ணும்போது பெருமைப்பட இடமில்லை. (குற்றமெல்லாம் சுதேசிச் சிப்பந்திகளுடையது, துரைமார் ஏதும் அறியார் என்று அறிக்கை முடித்தது. வரிப்பணம் மட்டும் துரைமாருக்குத் தவறாமல் போய்ச் சேர்ந்தது.) ஐந்து ஆண்டுகள் கழித்து வந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 330ஆம் பிரிவு, ஒப்புக்கொள்ளச் செய்வதற்காகக் காவல் அதிகாரி ஒருவரை வதைப்பதையும், பாக்கிக்காக வருவாய் அதிகாரி வதைப்பதையும் உதாரணங்களாகவே எடுத்துக்காட்டிற்று. ஏழாண்டுச் சிறை. இன்றைய சட்டத்தில் அது 120ஆம் பிரிவு. நம் கதையில் வரும் அந்த அதிகாரிக்கும், திண்ணையில் தேநீர் குடித்த நமக்கும் அப்பிரிவு தெரிந்திருக்கவில்லை. அல்லது தெரிந்தும் தேவைப்படவில்லை.

நம்மவர் ஒருவருக்கு இந்நகரத்தில் நேர்ந்ததைச் சொல்லாமல் விடமுடியாது. நம்பி நாராயணன் நாகர்கோவிலில் பிறந்து, மதுரையில் பொறியியல் கற்று, 1966இல் தும்பாவுக்கு வந்தவர். ராக்கெட்டுகளுக்குத் திரவ எரிபொருள் எஞ்சின் வேண்டும் என்று வாதாடி, 'விகாஸ்' எஞ்சின் உருவாவதற்குப் பெரும்பங்கு ஆற்றியவர். 1994 நவம்பர் 30ஆம் நாள் கைது செய்யப்பட்டார். கிரயோஜெனிக் எஞ்சின் இரகசியங்களை மாலத்தீவுப் பெண்கள் இருவர் வழியாக அயல்நாட்டுக்கு விற்றார் என்பது குற்றச்சாட்டு. அந்த எஞ்சினை நம் நாடு அப்போது செய்யக் கற்றிருக்கவே இல்லை. இல்லாத பொருளை விற்றதாக ஒப்புக்கொள்ளும்படி வற்புறுத்தினார்கள். ஐம்பது நாள் காவலில் இருந்தார். உட்கார விடாமல் மணிக்கணக்கில் நிற்க வைத்து, உறங்க விடாமல், அடித்தும் விசாரித்ததாகப் பின்னர் தம் நூலில் எழுதினார். உடன் பிடிபட்டவர்களிடம் வாக்குமூலங்கள் கிடைத்தன. மத்தியப் புலனாய்வுத் துறை அவற்றை ஒவ்வொன்றாகச் சரிபார்த்தபோது ஒன்றும் மெய்ப்படவில்லை. 1996இல் குற்றச்சாட்டு பொய் என்று அறிக்கை தந்தது. 1998இல் உச்சநீதிமன்றம் அதை உறுதி செய்தது. 2018 செப்டம்பர் 14ஆம் நாள், தேவையற்ற கைது என்று கூறி ஐம்பது இலட்சம் ரூபாய் இழப்பீடு வழங்க ஆணையிட்டது. 2019இல் பத்மபூஷண் விருது வந்தது. ஆயினும் இருபத்து நான்கு ஆண்டுகள்! இந்நகரத்துத் தெருக்களில் அவர் குடும்பத்தாரை 'ஒற்றன் வீட்டார்' என்று சுட்டிக்காட்டிய விரல்களில் தமிழ் விரல்களும் இருந்திருக்கும் அல்லவா?

புகழ்மிக்க அறிவியலாளர் ஒருவருக்கே இருபத்து நான்கு ஆண்டுகள் ஆயின என்றால், அரிசி மூட்டை தூக்குகிற பையனுக்கு எத்தனை ஆண்டுகள் ஆகும் என்று அன்பர்கள் கணக்கிட்டுக்கொள்ளலாம்.

அன்று கூட்டத்தில் ஒரு பெரியவர் நம்மிடம் வாதிட்டார். "தம்பி, நகரத்தில் குண்டு வைத்தவன் கையில் அகப்பட்டான், ஒரு மணி நேரத்தில் வெடிக்கும், அவனிடம் பழம் கொடுத்தா கேட்பீர்கள்?" என்றார். வலுவான கேள்வி, உலகெங்கும் கேட்கிறார்கள். ஜெர்மனியில் இது ஏறத்தாழ மெய்யாகவே நடந்தது. 2002இல் பிராங்பர்ட் நகரில் ஒரு சிறுவனைக் கடத்தியவன் பிடிபட்டான். சிறுவன் இருக்குமிடத்தைச் சொல்ல மறுத்தான். உயிரைக் காக்கும் நோக்குடன் துணைக் காவல் தலைவர், தாங்க முடியாத வலி கொடுக்கப்படும் என்று அவனை அச்சுறுத்தச் சொன்னார். ஒருவரும் தொடவில்லை, அச்சுறுத்தலே போதுமானதாயிற்று. சொல்லிவிட்டான். சென்று பார்த்தால் சிறுவன் முன்னமே இறந்திருந்தான். அவ்வதிகாரி தம் செயலை மறைக்கவில்லை. தாமே குறிப்பெழுதி வைத்தார். 2004இல் நீதிமன்றம் அவரைக் குற்றவாளி என்றே தீர்த்தது; தண்டனையை மட்டும் மிகவும் குறைத்தது. நோக்கம் நன்று என்பதற்காகத் தண்டனை குறையலாம், செயல் நன்றாகிவிடாது என்று அந்நீதிமன்றம் கண்டது நமக்குச் சரியென்றே படுகிறது.

பெரியவருக்கு நாம் சொன்ன விடை இது. தாங்கள் கூறும் குண்டு கதையில் எல்லாம் முன்கூட்டியே தெரிந்திருக்கிறது. குண்டு இருப்பது தெரியும்; வைத்தவன் இவன்தான் என்பது தெரியும்; அடித்தால் சொல்வான், சொல்வது மெய்யாயிருக்கும், நேரமும் மீதமிருக்கும் என்பதெல்லாம் தெரியும். இவ்வளவும் உறுதியாகத் தெரிந்த ஒரு நாள் எந்தக் காவல் நிலையத்தில் விடிந்திருக்கிறது? நாம் திண்ணையில் இருந்த அன்றும், பையன்தான் எடுத்தான் என்பது நமக்கு உறுதியாகத் 'தெரிந்தே' இருந்தது. குண்டுக்காகத் திறந்து வைக்கும் கதவின் வழியே மூன்று பவுன் சங்கிலிக்காக நாம் நுழைந்துவிட்டோம். அவர் ஒப்புக்கொண்டார் என்று சொல்லமாட்டோம். "உமக்குக் குண்டு வெடித்த வீட்டில் ஆள் இல்லை" என்றார். அதுவும் மெய்தான், அதற்கு நம்மிடம் விடை இல்லை.

காவலர் பக்கத்தையும் சொல்ல வேண்டும். ஆள் பற்றாக்குறை, ஓய்வற்ற வேலை, மேலிருந்து நாள்தோறும் 'மீட்டாயிற்றா?' என்ற கேள்வி. நாமும் ஒரு பெரிய துறையின் கடைப்படியில் இருப்பவர்கள். மாலையில் கணக்கு நேராகாவிட்டால் எழுந்து போக இயலாது என்ற நெருக்கடி நமக்குத் தெரியும். கைரேகையும் கேமராப் பதிவும் தேடி நான்கு நாள் அலைவதற்கு அவருக்கு நேரமும் கருவியும் கொடுக்காமல், இரண்டு நாளில் நகை வேண்டும் என்று நிற்பவர்கள் யார்? நாமே. ஒவ்வொரு தடிக்குப் பின்னும் ஒரு புகார்தாரர் பொறுமையின்றி நிற்கிறார். காவல் நிலையங்களில் கேமரா வைக்க உச்சநீதிமன்றம் 2020 டிசம்பரில் ஆணையிட்டது. நல்லதே. ஆனால் நம் மௌனத்தை எந்தக் கேமரா பதிவு செய்யும்? காவலர் இல்லாத இடத்திலும் இது நடக்கிறது. 2018 பிப்ரவரியில் அட்டப்பாடியில், அரிசி திருடினான் என்று மது என்ற பழங்குடி இளைஞரைக் கட்டி அடித்துக் கொன்றவர்கள் சாதாரண ஊர்மக்கள். அக்காட்சியைப் பக்கத்தில் நின்று படமெடுத்துக்கொண்டவரும் உண்டு. 2023இல் பதின்மூவருக்கு ஏழாண்டுச் சிறை கிடைத்தது.

நம் இலக்கியத்தில் முதற்பெருங்காவியமே காணாமற்போன நகையொன்றைப் பற்றியது. கோவலன் மதுரைக்கு ஊர்பெயர்ந்து வந்தவன். அவனை அறிந்து 'இவன் இன்னான்' என்று சொல்ல அந்நகரில் ஆள் இல்லை. பொற்கொல்லன் கை காட்டினான், மன்னன் ஆராயவில்லை. கையிலிருந்த சிலம்பு அரசியுடையதுதானா என்று அதை உடைத்துப் பரலைப் பார்க்க ஒரு நொடி போதும். அந்த நொடியைச் செலவிடாததால் ஒரு நகரம் எரிந்தது. புகார் நகரத்து வணிகன் மகனுக்கே அந்நிலை எனில், மொழி தெரியாத ஊரில் பிழைக்க வந்த எவருக்கும் அந்நிலை வரலாம். நம் தந்தையர் காலத்தில் இவ்வூரில் 'பாண்டிக்காரன்' என்ற ஒரு சொல்லே ஐயத்துக்குப் போதுமாயிருந்தது. இன்று அவ்விடத்தில் வங்காளத்திலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்த கட்டடத் தொழிலாளர்கள் நிற்கிறார்கள். ஐயப்படுவோர் வரிசையில் நாமும் சேர்ந்துவிட்டோம்.

2025 ஏப்ரலில் நம் நகரத்துப் பேரூர்க்கடையில் நடந்ததைப் பத்திரிகைகளில் அன்பர்கள் படித்திருப்பீர்கள். வீட்டுவேலை செய்யும் பெண்மணி ஒருவர்மீது தங்கச் சங்கிலி திருட்டுப் புகார். இரவு முழுவதும் நிலையத்தில் வைத்திருந்தார்கள். தண்ணீர் கேட்டதற்குக் கழிவறையில் போய்க் குடிக்கச் சொன்னார்கள் என்று அவர் முறையிட்டார். சங்கிலி புகார் கொடுத்தவர் வீட்டிலேயே கிடைத்தது. உதவி ஆய்வாளர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். அச்செய்தியைக் காலை வண்டிக்குச் சீட்டுக் கொடுத்துக்கொண்டே படித்தோம். சங்கிலி என்ற சொல்லைக் கண்டதும் அதற்குமேல் படிக்க இயலாமல் தாளை மடித்து வைத்தோம்.

வாசகர்களுக்குப் பயன்படும் சில செய்திகளையும் இங்கே குறித்துவிடுகிறோம். உறவினரையோ உடன் வேலை செய்பவரையோ காவலர் அழைத்துச் சென்றால், எந்நிலையம் என்று கேட்டு உடனே இருவராகச் செல்லுங்கள், தனியாகப் போகவேண்டாம். கைதெனில் நாளும் நேரமும் எழுதிய குறிப்பில் குடும்பத்தாரோ ஊர்ப் பெரியவரோ சாட்சிக் கையொப்பம் இடவேண்டும்; உறவினருக்குத் தகவல் தரவேண்டும்; காவலில் இருப்பவரை 48 மணிக்கு ஒருமுறை மருத்துவர் பரிசோதிக்கவேண்டும். மேற்கு வங்கத்து டி.கே. பாசு எழுதிய கடிதம் ஒன்றை வழக்காக எடுத்துக்கொண்டு உச்சநீதிமன்றம் 1996 டிசம்பரில் விதித்தவை இவை. இருபத்து நான்கு மணி நேரத்துக்குள் நீதிபதி முன் நிறுத்தியாக வேண்டும்; நீதிபதி 'அடித்தார்களா?' என்று கேட்கும்போது அஞ்சாமல் சொல்லவேண்டும். மலையாளம் தெரியாதவர் எழுத்தைப் படித்துக் காட்டாமல் கையொப்பம் இடவேண்டாம். இலவசச் சட்ட உதவிக்கு 15100 என்ற எண்ணில் அழைக்கலாம். வஞ்சியூர் நீதிமன்ற வளாகத்திலும் கேட்கலாம். காவலர்மீது முறையிட, 2011ஆம் ஆண்டுக் கேரளக் காவல் சட்டத்தின்படி அமைந்த புகார் ஆணையமும், மனித உரிமை ஆணையமும் உள்ளன. சித்திரவதையைத் தடுக்கும் உலக உடன்படிக்கையில் நம் நாடு 1997இல் கையெழுத்திட்டது. அதை இன்னும் உறுதி செய்யவில்லை. அதற்கென 2010இல் மக்களவை நிறைவேற்றிய மசோதாவும் காலாவதியாயிற்று. ஆகவே இருக்கிற விதிகளையாவது அறிந்து வைத்திருப்பது நலம்.

புகார் கொடுக்கச் செல்பவர்களுக்கும் ஒன்று. 'விரைவில் வேண்டுமா, முறைப்படி வேண்டுமா?' என்று உங்களைக் கேட்டால், வாய் திறந்து பதில் சொல்லுங்கள்.

சென்ற கார்த்திகையில் ஒரு மாலை. நம் சாளரத்தின் முன் நீண்ட வரிசை. "வள்ளியூர் ஒன்று" என்ற குரல் கேட்டு நிமிர்ந்தோம். தாடி வைத்திருந்தான், சற்றுத் தடித்திருந்தான், கையில் ஒரு குழந்தையின் தொப்பி. அவனும் நம்மைப் பார்த்தான். அடையாளம் கண்டுகொண்டானா என்பது முகத்தில் தெரியவில்லை. ஒரு சொல் சொல்லவேண்டும் என்று வாயெடுத்தோம். பின்னாலிருந்தவர் "வண்டி வந்துவிட்டது சார்" என்று அவசரப்படுத்தினார். சீட்டையும் மீதிக் காசையும் கொடுத்தோம். அவன் வாங்கிக்கொண்டு நகர்ந்தான். நடை நேராக இருக்கிறதா என்று பார்க்க எட்டிப் பார்த்தோம்; அதற்குள் கூட்டம் மறைத்துவிட்டது.